கனவுக்கும் பலனுக்கும் நடுவே

தமிழில் கனவுக்கென்றே ஒரு சாஸ்திரம் செய்யுளில் உண்டு என்றால், கதை படிக்கும் வாசகர்களில் பலர் ஆச்சரியப்படுவார்கள். கனா நூல் என்று அதற்குப் பெயர். செய்தவர் பொன்னவன். சிறிய நூல்தான். ஆனால் சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதிய அடியார்க்குநல்லார் அதன் செய்யுள் ஒன்றைப் பிரமாணமாக எடுத்துக் காட்டுகிறார். அந்த உரையை உ.வே. சாமிநாதையர் 1892-ல் அச்சிட்டார்.

செய்யுளில் இருப்பது ஒரு கணக்கு. இரவை நாலு சாமமாகப் பிரித்துக்கொள்ள வேண்டியது. முதல் சாமத்துக் கனவு ஓர் ஆண்டில் பலிக்கும். இரண்டாம் சாமத்துக் கனவுக்கு 8 மாதம். மூன்றாவதற்கு 3 மாதம். கடைசிச் சாமத்துக் கனவோ 10 நாளில் பலன் கொடுத்துவிடும். விடியற்காலைக் கனவு பலிக்கும் என்று நம் பாட்டிமார் சொல்வதும் இதை ஒட்டியதுதான்.

இந்தக் கணக்கில் எனக்கு ஒரு குறை உண்டு. கனவு எப்போது வந்தது என்று கேட்கிறதே தவிர, யாருக்கு வந்தது என்று கேட்கவில்லை. கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் கனவு நூல் எழுதிய ஆர்ட்டெமிடோரஸ் இந்த விஷயத்தில் கெட்டிக்காரர். கனவு கண்டவன் ஏழையா, பணக்காரனா, என்ன தொழில் செய்கிறவன் என்று தெரிந்துகொண்டுதான் பலன் சொல்ல வேண்டும் என்பது அவர் கட்சி. கதை எழுதுகிறவனுக்கும் அந்தக் கேள்விதான் பிழைப்பு.

நம் காவியங்களில் கனவுக்குப் பஞ்சமில்லை. சீவக சிந்தாமணியில் விசயை கனவு காண்கிறாள். அசோக மரம் விழுகிறது. அதனடியில் முடி சூடிய முளை ஒன்று எழுகிறது. எட்டு மாலைகள் தெரிகின்றன. விழுந்த மரம் அரசன், முளை பிறக்கப்போகும் மகன், மாலைகள் அவன் மணக்கப்போகும் எட்டுப் பெண்கள். எல்லாம் கச்சிதமாகப் பொருந்துகின்றன. பொருந்திய பிறகு அந்தக் கனவில் எனக்கு வேலை ஒன்றும் மிச்சமில்லை. அதை விசயைதான் காணவேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. கனா நூலுக்கு உகந்த கனவு அது.

இளங்கோவடிகள் காட்டும் கனவு வேறு ஜாதி. கணவன் கையைப் பிடித்துத் தன்னை ஒரு பெரிய ஊருக்கு அழைத்துப் போனதாகவும், அங்கே ஊரார் கொடிய பழிச்சொல் சொன்னதாகவும், அவனுக்குத் தீங்கு என்று கேட்டுத் தான் அரசன்முன் வழக்காடியதாகவும், அந்த ஊருக்கும் அரசனுக்கும் கேடு வந்ததாகவும் கண்ணகி தோழி தேவந்தியிடம் சொல்கிறாள். அதற்குமேல் ஒன்று இருக்கிறது. அதைக் கேட்டால் நீ சிரிப்பாய் என்று நிறுத்திவிடுகிறாள். எந்தச் சாஸ்திரத்தில் இந்தக் கூச்சத்துக்குப் பலன் எழுதியிருக்கிறது? கண்ணகிக்கு மட்டுமே வரக்கூடிய கனவு இது என்று நான் நம்புவது இந்த ஓரிடத்தினால்தான்.

தேவந்தி பரிகாரம் சொல்கிறாள். இரண்டு குண்டங்களில் நீராடிக் காமன் கோயிலைத் தொழுதால் கணவன் திரும்புவான். அது நமக்குப் பெருமை அன்று என்று கண்ணகி மறுத்துவிடுகிறாள். அந்த வேளையில் கோவலன் வந்து நிற்கிறான். அவள் சிலம்பைக் கொடுக்க முன்வருகிறாள். மதுரைக்குப் போகலாம் என்றதும் கூடவே கிளம்புகிறாள். கனவில் கண்ட பெரிய ஊரைப் பற்றி அவனிடம் வாய் திறந்ததாக அடிகள் எழுதவில்லை. பயம் தெரிந்தும் போகிறாளே, அதில்தான் அவள் முழுவதும் இருக்கிறாள்.

கோவலனும் மதுரைக்கு வந்தபின் ஒரு கனவு காண்கிறான். அது சீக்கிரம் பலிக்கும் என்று அவனே மாடலனிடம் சொல்கிறான். ஆக, கனா நூலின் கணக்கு அவனுக்கும் தெரியும் போலும். தெரிந்தவன் அடுத்த காதையில் சிலம்பை எடுத்துக்கொண்டு கடைத்தெருவுக்கு நடக்கிறான்.

எங்கள் வடக்குப்பட்டில் இந்தச் சாமக் கணக்கே இப்போது தடுமாறுகிறது. ஒரகடத்துத் தொழிற்சாலைகளில் இரவு ஷிப்டு முடித்து வருகிற பையன்கள் ஊர் விழித்த பிறகு படுக்கிறார்கள். அவர்களில் ஒருவன் என்னைக் கேட்டான்: "சார், காலை பத்து மணிக்குக் கண்ட கனவு பலிக்குமா?" ஊரில் இருக்கும் அம்மா கிணற்றடியில் தனியே உட்கார்ந்து அழுவதாகக் கண்டானாம். பொன்னவனிடம் பத்து மணிக்குச் சாமம் இல்லை. நான் பதில் தேடுவதற்குள் பையன் பஸ் ஏறிவிட்டான். அம்மா சௌக்கியமாகத்தான் இருந்தாள். இரண்டு நாள் சம்பளம் போயிற்று. ஆறு மாதமாகப் பார்க்காத அம்மாவைப் பார்த்துவிட்டு வந்தான். கனவு பலித்ததா இல்லையா என்று பிறகு அவன் கேட்கவில்லை.

தொடர்கதைகளில் முதல் அத்தியாயத்தில் ஒரு கனவை வைத்துக் கடைசி அத்தியாயத்தில் பலிக்க வைக்கிற வழக்கம் நம்மிடம் இருக்கிறது. வாசகரும் பலித்ததா என்று பார்த்துவிட்டுப் புத்தகத்தை மூடிவிடுகிறார். கனா நூல் சொல்லும் ஓர் ஆண்டும் 8 மாதமும் 10 நாளும் கணக்கனுக்குக் கெடு. கதாசிரியனுக்கோ அந்தக் கெடுவுக்குள் பாத்திரம் என்ன செய்தது என்பதே கதை. சந்தேகமிருந்தால் கனாத்திறம் உரைத்த காதையையும் அடைக்கலக் காதையையும் ஒருமுறை சேர்த்துப் படித்துப் பாருங்கள்.