பழைய நிரலுக்குக் கொடுத்த வாக்கு

பெரிய கணினி வாங்கினால் பழைய நிரல்களையெல்லாம் திரும்ப எழுத வேண்டும் என்பதுதான் 1960-களின் தொடக்கம் வரை நிலைமை. ஒரே நிறுவனத்தின் இரு இயந்திரங்கள்கூடப் பல நேரம் ஒன்றின் நிரலை மற்றொன்று ஏற்காது. 1964 ஏப்ரல் 7 அன்று ஐபிஎம் அறிவித்த சிஸ்டம்/360 அந்த நிலையை மாற்றியது. ஜீன் அம்டால், கெரிட் பிளாவ், ஃபிரெட் புரூக்ஸ் ஆகியோர் வகுத்த அந்தக் குடும்பத்தில் சிறியதற்கும் பெரியதற்கும் கட்டளைகள் ஏறக்குறைய ஒன்றே. எட்டு பிட் சேர்ந்தது ஒரு பைட் என்ற வழக்கை உலகெங்கும் ஊன்றியதும் இந்தக் குடும்பம்தான்.

மெயின்பிரேம் எனப்படும் இந்தப் பெரிய கணினிகளின் மரபில் ஐபிஎம் ஒரு பள்ளி மட்டுமே. அழகு என்று பார்த்தால் என் மனம் பரோஸ் நிறுவனத்தின் பக்கமே சாயும். ராபர்ட் பார்ட்டன் வழிகாட்டிய பி5000, அல்கால் மொழிக்கு ஏற்றபடி வன்பொருளிலேயே அடுக்கு முறையை அமைத்துக்கொண்டது. இயக்க மென்பொருளை மற்றவர்கள் இயந்திரமொழியை ஒட்டி எழுதிய காலத்தில், பரோஸ்காரர்கள் அதற்கும் உயர்மொழியையே கையாண்டார்கள். எம்ஐடி, ஜெனரல் எலெக்ட்ரிக், பெல் ஆய்வகம் மூன்றும் தொடங்கிய மல்டிக்ஸ் வேறொரு பள்ளி. பலரும் ஒரே நேரத்தில் ஒரு கணினியைப் பகிர்வது அதன் நோக்கம். 1969-இல் பெல் விலகியது. அங்கிருந்த கென் தாம்சனும் டென்னிஸ் ரிச்சியும் யூனிக்ஸைப் படைத்தார்கள். ஐபிஎம்முக்குள்ளேயே மசாசூசெட்ஸ் கேம்பிரிட்ஜில் ஒரு சிறு குழு, ஒவ்வொருவருக்கும் முழுக் கணினி ஒன்று தனியே இருப்பதுபோல் காட்டும் சிபி-67 அமைப்பை உருவாக்கியது. இன்றைய மெய்நிகர் கணினிகளுக்கு அதுவே முன்னோடி.

இத்தனை பள்ளிகளிலும் தரம் எதுவென்று கேட்டால், நேற்றைய நிரல் நாளையும் ஓட வேண்டும் என்பதையே சொல்வேன். 360-இல் நினைவக முகவரிக்கு 24 பிட். எட்டுவது 16 மெகாபைட். ஆனால் முகவரி வைக்கும் சொல்லின் நீளம் 32 பிட். மீந்த எட்டு பிட்டில் நிரலர்கள் தங்கள் குறிப்புகளைப் போட்டுவைத்தார்கள். துணைநிரலுக்கு அனுப்பும் பட்டியல் இதோடு முடிகிறது என்பதற்கு, கடைசி முகவரியின் தலைப் பிட்டை 1 ஆக்குவது வழக்கமாகிவிட்டது. 1980-களில் முகவரியை நீட்டியபோது 32 பிட்டையும் எடுத்துக்கொண்டிருக்கலாம். எடுக்கவில்லை. தலைப் பிட்டை விட்டுவிட்டு 31-உடன் நிறுத்திக்கொண்டார்கள். பாதி இடம் போனாலும் பழைய நிரல் உடையக் கூடாது! 2000-இல் 64 பிட் வந்த பிறகும் 24 பிட் முறை உள்ளே உயிரோடுதான் இருக்கிறது.

நிரலோடு அதன் குறையும் சேர்ந்தே வாழ்ந்தது. நினைவகம் விலையுயர்ந்திருந்த நாளில் ஆண்டுக்கு இரண்டே இலக்கம் ஒதுக்கி எழுதிய கோபல் நிரல்கள் 2000-ஐ நெருங்கியும் ஓடிக்கொண்டிருந்தன. அவற்றைத் திருத்தும் வேலை சென்னைக்கும் வந்தது. 1973-இலேயே ஐஐடி மெட்ராஸில் ஐபிஎம் 370/155 நிறுவப்பட்டிருந்ததால் மெயின்பிரேம் இந்த ஊருக்குப் புதிதல்ல. கோபல் நிரலின் தொடக்கத்தில் எழுதியவர் பெயருக்கும் எழுதிய தேதிக்கும் தனித்தனி வரி உண்டு. திருத்த உட்கார்ந்த இளைஞர்களில், தாம் பிறப்பதற்கு முந்தைய தேதியை அங்கே கண்டவர்கள் உண்டு. பெரும்பாலும் அந்த வரியை அழிக்காமல், கீழே தங்கள் பெயரையும் தேதியையும் சேர்த்தார்கள்.