பணியழைப்புப் பாடல்களில் நாமும் அவர்களும்

முன்னுரை

கிறித்தவ இசைப்பாடல்களுள் பணியழைப்புப் பாடல்கள் தனி வகையின. நற்செய்தி கேளாத மக்களிடம் செல்லுமாறு சபையாரை அழைப்பதும், அழைப்பை ஏற்றவர் தம்மை முழுவதும் ஒப்படைப்பதும் இவற்றின் பொருள். இறைப்புகழ்ப் பாடல்களில் பாடுவோர், பாடப்படுவோர் என இரு தரப்பினரே உளர். பணியழைப்புப் பாடலிலோ மூன்றாம் தரப்பினர் ஒருவர் இருப்பர். யாரிடம் செல்ல வேண்டும் என்று பாடல் கூறுகிறதோ அம்மக்களே அவர்கள். பாட்டில் இடம்பெற்றும் பாட்டில் பேசாத இம்மூன்றாம் தரப்பினரைப் பாடல் எவ்வாறு காட்டுகிறது என்பதே இவ்வகையின் தரத்தை அறியும் உரைகல் எனலாம். இக்கட்டுரை ஆங்கிலத்திலும் தமிழிலும் எழுந்த இவ்வகைப் பாடல்களின் பேசுநிலையைத் தமிழ் இலக்கிய மரபின் துணைகொண்டு ஆராய்கிறது.

ஈபரின் பாடல்

ஆங்கிலப் பணியழைப்புப் பாடல்களுள் மிகப் புகழ்பெற்றதும் பின்னர் மிகுந்த மறுப்புக்கு உள்ளானதும் ரெஜினால்டு ஈபர் 1819இல் எழுதிய பாடலாகும். வேல்சு நாட்டு ரெக்சம் நகரத் திருச்சபையில் அயல்நாட்டு நற்செய்திப் பணிக்கு நிதி திரட்டும் வழிபாட்டிற்காக, தம் மாமனார் கேட்டுக்கொண்டதற்கிணங்க அவர் இதனை இயற்றினார். பனிசூழ் கிரீன்லாந்து, இந்தியக் கடற்கரை, ஆப்பிரிக்க நீரூற்றுகள் எனப் பாடல் உலகை வலம் வருகிறது. அந்நாடுகள் தம்மை அறியாமைத் தளையினின்று விடுவிக்க வேண்டித் தங்களை அழைப்பதாகப் பாடுவோர் கருதுகின்றனர். இலங்கைத் தீவின் நறுமணக் காற்றையும் இயற்கை வளத்தையும் போற்றும் பாடல், அங்கு வாழும் மனிதனை மட்டும் இழிந்தவன் என்கிறது. ஒளி பெற்ற தாங்கள் இருளில் இருப்போர்க்கு விளக்கை மறுக்கலாமோ என்பது அதன் மைய வினா.

இப்பாடலை எழுதியபோது ஈபர் இந்தியாவையோ இலங்கையையோ கண்டவரல்லர். 1823இல் கல்கத்தா ஆயராகப் பொறுப்பேற்று வந்த பின்னரே அவர் இந்நிலங்களைக் கண்டார். 1826ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் தஞ்சையில் தமிழ்க் கிறித்தவரோடு உயிர்த்தெழுந்த திருநாளைக் கொண்டாடினார். சரபோசி மன்னரைச் சந்தித்தார். அதே ஆண்டு ஏப்ரல் 3ஆம் நாள் திருச்சிராப்பள்ளியில் தமிழ்ச் சபையாருக்குத் திடப்படுத்தல் சடங்கை நிறைவேற்றிய சில மணி நேரத்தில் உயிர்நீத்தார். அவர் உடல் அங்குள்ள தூய யோவான் ஆலயத்தில் அடக்கம் செய்யப்பட்டது. தொலைவிலிருந்து பாடியவர், பாடிய திசையிலேயே தம் உயிரைக் கொடுத்தார். எனவே அவருடைய ஈகத்தை ஐயுற இடமில்லை. ஆயின் வாழ்வின் ஈகம் பாடலின் பார்வைக்குச் சான்றாகிவிடாது. பாடல் 1819இன் தொலைவிலேயே நின்றுவிட்டது. அத்தொலைவிலிருந்தே அது ஒரு நூற்றாண்டுக்கு மேல் பாடப்பட்டது.

பாடலில் பேசாத மூன்றாம் தரப்பினர் பின்னர்ப் பேசினர். 1925இல் கல்கத்தாவில் கிறித்தவப் பணியாளரிடையே உரையாற்றிய காந்தியடிகள், மனிதன் மட்டுமே இழிந்தவன் என்னும் ஈபரின் கருத்து தம் உள்ளத்தைத் தைத்ததை எடுத்துரைத்து அதனை மறுத்தார். இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆங்கிலப் பாடல் நூல்கள் பல இப்பாடலை விலக்கின.

‘நாம்’ என்பதும் ‘நாங்கள்’ என்பதும்

இங்கு ஒரு மொழியியல் உண்மை நோக்கத்தக்கது. ஆங்கிலத் தன்மைப் பன்மைப் பெயர் கேட்போரை உட்படுத்துமா விலக்குமா என்பதைக் காட்டுவதில்லை. இக்காலத் தமிழில் ‘நாம்’ கேட்போரை உட்படுத்தும், ‘நாங்கள்’ விலக்கும். ஆதலால் ஆங்கிலப் பாடலின் ஐயநிலையைத் தமிழ்ப் பாடலாசிரியர் அப்படியே கொள்ள இயலாது; இரண்டில் ஒன்றைத் தேர்ந்தாக வேண்டும். இறைவனை நோக்கி வேண்டும்போது ‘நாங்கள்’ வருகிறது. சபையாரை நோக்கி அழைக்கும்போது ‘நாம்’ வருகிறது. ‘செல்வோம்’, ‘அறிவிப்போம்’ என்னும் வினைகள் இந்த ‘நாம்’ மீது எழுவன. எவ்விடத்தும் மூன்றாம் தரப்பினர் ‘அவர்கள்’ ஆகவே எஞ்சுகின்றனர். அந்த ‘அவர்கள்’ என்றேனும் ‘நாம்’ என்பதனுள் வருவரா என்பதே பணியழைப்புப் பாடல் எதிர்கொள்ள வேண்டிய வினாவாகும்.

வேதநாயக சாஸ்திரியாரின் உலகம்

உலக நாடுகளை நிரல்படப் பாடும் கிறித்தவப் பாட்டு ஈபரோடு தொடங்கியதன்று. தஞ்சை வேதநாயக சாஸ்திரியார் (1774-1864) 1800ஆம் ஆண்டளவில் இயற்றிய பெத்லகேம் குறவஞ்சி, உலக நாடுகள், கோள்கள் பற்றிய புத்தறிவைக் குறவஞ்சி மரபினுள் அமைத்துப் பாடியது. இங்கு உலகைச் சொல்பவள் குறி சொல்ல வரும் குறத்தி. அவள் அதிகாரம் உடையவள் அல்லள். ஊர்தோறும் அலைந்து பலவும் கண்டவள். பறவை பிடிக்கும் சிங்கனும் இறைச்செய்தியைப் பரப்பும் பணியாளனுக்கு உருவகமாகிறான். விளிம்புநிலை மாந்தரைச் செய்தி கொணர்வோராக ஆக்கிய இவ்வமைப்பில் பணியாளன் மேலிருந்து இறங்கி வருபவன் அல்லன். தெருவில் நடந்து வருபவன்.

ஆயினும் சாஸ்திரியாரின் உலகிற்கும் எல்லை உண்டு. 1829ஐ ஒட்டிய ஆண்டுகளில் தஞ்சைச் சபையில் புதிய மிஷனரிமாரோடு அவர் முரண்பட்டார். தமிழிசைப் பாடல்களுக்கு ஆலயத்தில் இடமறுக்கப்பட்டதை எதிர்த்த அவரே, சபையில் சாதி வேறுபாட்டை நீக்கும் முயற்சியையும் எதிர்த்தார். குறத்தியையும் சிங்கனையும் உருவகமாக ஏற்ற கவிஞர், உண்மை வாழ்வில் ஒரே பந்தியில் அமர்வதை ஏற்கத் தயங்கினார். பாட்டின் ‘நாம்’ விரிந்த அளவிற்குச் சபையின் ‘நாம்’ விரியவில்லை. ஈபரின் பாடலிலிருந்த தொலைவு கடலால் ஆனது; இங்கிருந்த தொலைவு ஒரே ஊரில் தெருவுக்குத் தெரு அமைந்தது.

உறுப்புகளை ஒப்படைத்தல்

பணியழைப்பின் மறுபாதி தற்கொடை. இவ்வகையில் பரவலாக அறியப்பட்டது பிரான்செசு அவர்கல் 1874இல் எழுதிய ஒப்படைப்புப் பாடல். கை, கால், குரல், இதழ், பொருள், அறிவு, விருப்பம், இதயம் என ஒவ்வொன்றாக இறைவனிடம் ஒப்படைத்து இறுதியில் தன்னையே தருவதாக அது முடிகிறது. 1878இல் அவர் தம் அணிகலன்களைத் திருச்சபைத் தூதுப்பணிச் சங்கத்திற்கு அளித்தார்.

இவ்வமைப்பு தமிழ்ச் செவிக்குப் புதிதன்று. திருநாவுக்கரசரின் திருவங்கமாலை தலை, கண், செவி, மூக்கு, வாய், நெஞ்சு, கை, கால் என உறுப்புகளை ஒவ்வொன்றாக விளித்து இறைவழிபாட்டில் ஈடுபடுத்துகிறது. இரண்டிற்கும் அமைப்பொற்றுமை தெளிவு. எனினும் கால் என்னும் உறுப்பில் இரண்டும் வேறுபடுகின்றன. திருவங்கமாலையின் கால் கோயிலை வலம்வர வேண்டிய கால். அது மையத்தைச் சுற்றி வருவது. அவர்கல் பாடலின் கால் இறைவன் பொருட்டு விரைந்து செல்ல வேண்டிய கால். அது மையத்தினின்று புறப்படுவது. பத்தி மரபின் தொண்டு இறைவனுக்கும் அவன் அடியார்க்கும் உரியது. பணியழைப்புப் பாடலின் தொண்டு இன்னும் அடியார் ஆகாதவரை நோக்கியது. ‘அடியேன்’ என்னும் பழஞ்சொல்லைத் தமிழ்க் கிறித்தவப் பாடல் ஏற்றபோது அச்சொல்லின் நடை மாறியது, திசை மாறியது.

தற்கொடைப் பாடலுக்கும் ஓர் இடர் உண்டு. 1895இல் இந்தியா வந்து தோனாவூரில் பணியாற்றிய ஏமி கார்மைக்கேல் 1951இல் இறக்கும்வரை தாய்நாடு திரும்பவில்லை. 1931இல் விழுந்து காயமுற்ற பின் பெரும்பாலும் படுக்கையிலேயே கழித்தார். நெல்லைச் சீமையில் வாழ்ந்துகொண்டு அவர் ஆங்கிலத்தில் எழுதிய பாடல்களில் பணியாளர் ஏற்க வேண்டிய வடுவும் வலியும் முதன்மை பெறுகின்றன. பிற மக்களின் இழிவைப் பாடுவதை விடுத்துப் பணியாளரின் தன்னலத்தை வினவுவதால் இவை ஈபரின் பாடலினும் ஒருபடி உயர்ந்தவை. ஆனால் பாடுவோரின் துன்பமே பாட்டு முழுவதையும் நிறைக்கும்போது, யாருக்காகத் துன்பம் ஏற்கப்பட்டதோ அவர் பாட்டினின்று மறைந்துவிடுவர். இழித்துரைப்பது ஒருவகை விலக்கம் எனின், மறந்துவிடுவதும் ஒருவகை விலக்கமே. தோனாவூரில் அவர் கல்லறைமேல் பெயர்ப்பலகை வேண்டாம் என்றதும், அங்குள்ள நினைவுக்கல்லில் ‘அம்மா’ என்னும் ஒரு சொல் மட்டும் பொறிக்கப்பட்டிருப்பதும் இவ்விடத்து நினையத்தக்கன. அச்சொல் அவர் தமக்குச் சூட்டிக்கொண்ட அடைமொழி அன்று. அங்கு வளர்ந்த குழந்தைகள் அழைத்த முறைப்பெயர். அவருடைய பாடல்களில் கேட்காத மூன்றாம் தரப்பினரின் குரல் அக்கல்லில் கேட்கிறது.

‘ஊழியம்’ என்னும் சொல்

தமிழ்க் கிறித்தவ வழக்கில் இறைப்பணியைக் குறிக்கும் சொல் ‘ஊழியம்’. இச்சொல்லுக்குத் தென் திருவிதாங்கூரில் கசப்பான வரலாறு உண்டு. அங்கு ஊழியம் என்பது ஒடுக்கப்பட்ட சாதியாரிடம் அரசும் ஆதிக்க வகுப்பாரும் கூலியின்றி வாங்கிய கட்டாய உழைப்பு. 1815இல் ஆங்கிலேயப் பிரதிநிதி மன்றோவின் காலத்தில் கிறித்தவர்களுக்கு ஞாயிற்றுக்கிழமைகளிலும் கோயில் சார்ந்த வேலைகளிலும் இவ்வூழியத்தினின்று விலக்குக் கிடைத்தது. கட்டாய ஊழியத்தினின்று நீங்கிய நாளில், ஆலயத்தில் அமர்ந்து அதே மக்கள் ‘ஊழியம்’ செய்ய விழைவதாகப் பாடினர்.

இச்சொல்லாட்சியைத் தற்செயல் என்று ஒதுக்குவதற்கில்லை. பிறர் வலிந்து வாங்கிய உழைப்பின் பெயரை, தாமே விரும்பித் தரும் கொடைக்குச் சூட்டியதில் ஒரு விடுதலை இருக்கிறது. அடிமைப்பட்டவனால் ஈகம் செய்ய இயலாது. தன்னுடையது என ஒன்று உள்ளவனே அதனைத் தர இயலும். ஊழியப் பாடலைப் பாடியதன் வாயிலாக அம்மக்கள் தம் உடலும் உழைப்பும் தமக்கே உரியன என்பதையும் அறிவித்தனர். தற்கொடைப் பாடல்களைப் பணிந்துபோதலின் பாடல்கள் என்று மட்டும் கொள்ளும் திறனாய்வு இப்பொருளைத் தவறவிடும்.

பாடப்பட்டோர் பாடுவோராதல்

1903இல் பாளையங்கோட்டையில் இந்திய மிஷனெரி சங்கம் தோன்றியது. இதனைத் தோற்றுவிப்பதில் முன்னின்றவர் வெள்ளாளன்விளையில் பிறந்த வே. ச. அசரியா (1874-1945). தமிழர் தம் பணத்தால் தம்மவரை அனுப்பித் தெலுங்கு நிலத்துத் தோர்ணக்கல்லில் பணி தொடங்கினர். 1912இல் அசரியா தோர்ணக்கல் ஆயராகத் திருநிலைப்படுத்தப்பட்டார். ஆங்கிலிக்கன் சபையில் இந்தியர் ஒருவர் ஆயரானது இதுவே முதன்முறை. ஈபரின் பாடலில் விளக்குப் பெறுவோராக வைக்கப்பட்ட நிலத்தார் இப்போது விளக்கு ஏந்துவோராயினர். அதன்பின் தமிழில் பெருகிய பணியழைப்புப் பாடல்கள் விளைந்த வயல், அறுவடைக்கு ஆள் போதாமை, மண்ணில் விழுந்து மடியும் கோதுமை மணி ஆகிய விவிலிய உவமைகளை வேளாண் வாழ்வின் மொழியில் ஏற்றுக்கொண்டன. கடலும் தீவும் பின்னொதுங்கின. மலையும் காடும் முன்வந்தன.

ஆனால் பாடுவோர் மாறியதால் மட்டும் பார்வை மாறிவிடுமா? வடநாட்டு மலைவாழ் மக்களை நோக்கி எழுந்த தமிழ்ப் பாடல்களிலும் இருள், அறியாமை, அழிவு என்னும் சொற்களே அம்மக்களுக்கு அடைமொழிகளாக அமைவதைக் காணலாம். ஈபரின் ‘அவர்கள்’ இடம்பெயர்ந்தனரே அன்றி நீங்கவில்லை. தம்மைக் குறித்து முன்பு பாடப்பட்ட சொற்களைத் தமிழர் பிறரைக் குறித்துப் பாடுவது, சொல்லின் வலியை அறிந்தவர் செய்யத்தக்கதன்று. 1910இல் எடின்பரோ மாநாட்டில் மேனாட்டு மிஷனரிமாரிடம் நண்பர்களைத் தாருங்கள் என்று அசரியா விடுத்த வேண்டுகோள், இப்பாடல்களிடமும் விடுக்கத்தக்கதே.

ஆற்றுப்படை நோக்கு

இச்சிக்கலுக்குத் தமிழ் மரபிலேயே ஒரு தீர்வு உள்ளது. கூத்தர், பாணர், பொருநர், விறலியர் ஆகியோருள் பரிசில் பெற்றவர், பெறாதவரை வழியில் எதிர்கண்டு, வள்ளலிடம் செல்லும் நெறியைக் கூறுவது ஆற்றுப்படை எனத் தொல்காப்பியம் கூறும். திருமுருகாற்றுப்படை இம்மரபை இறைவன்பால் திருப்பியது. ஆற்றுப்படையில் வழி சொல்பவன் வள்ளல் அல்லன். அவனும் நேற்றுவரை பசித்தவன். அவன் எதிர்வருவோனை இழித்துப் பேசுவதில்லை. அவன் வறுமையில் தன் வறுமையைக் காண்கிறான். தன்னிடமுள்ள விளக்கைத் தருவதாகவும் கூறுவதில்லை. வழியை மட்டுமே காட்டுகிறான்.

யாழ்ப்பாணத்துத் தமிழரும் பாடலாசிரியருமான தா. தம்பிராசா நைல்சு (1908-1970) நற்செய்திப் பணியை விளக்குகையில், உணவு கிடைக்குமிடத்தை ஓர் இரவலன் மற்றோர் இரவலனுக்குச் சொல்வதோடு ஒப்பிட்டார். உலகத் திருச்சபையரங்கில் பெரிதும் எடுத்தாளப்பட்ட இவ்வொப்புமை, ஆற்றுப்படையின் இலக்கணமே ஆகும்.

முடிவுரை

பணியழைப்புப் பாடல்கள் விளக்கு நிலை, ஆற்றுப்படை நிலை என இரு நிலைகளில் அமைகின்றன. முன்னதில் உடையோர் இல்லோரை நோக்குகின்றனர். ஈகம் எத்துணைப் பெரிதாயினும் ‘அவர்கள்’ எஞ்சுகின்றனர். பின்னதில் பெற்றோர் பெறாதோரோடு ஒரே வழியில் நிற்கின்றனர். அங்கே ‘அவர்கள்’ ‘நாம்’ ஆதல் இயலும். பெத்லகேம் குறவஞ்சியின் குறத்தியும், ‘ஊழியம்’ என்னும் சொல்லை மீட்டெடுத்த தென் திருவிதாங்கூர் மக்களும், தோனாவூர்க் கல்லில் உள்ள ஒற்றைச் சொல்லும் இப்பின்னைய நிலைக்குரிய சான்றுகள். பணியழைப்புப் பாடல் ஒன்றை மதிப்பிட, அதனை அப்பாடலில் பேசப்படும் மக்களின் முன்னிலையில் பாட இயலுமா என்று வினவுதல் போதும். ஈபர் 1826இல் தஞ்சையில் தமிழ்ச் சபையாரோடு நின்றார். அவர் பாடல் அங்ஙனம் நிற்க இயலாதது.