முதல் தேதி வெள்ளிக்கிழமை

'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலின் மூன்றாம் பாகத்துக்குப் பின்னால் ஒரு காலவரிசைப் பட்டியல் இருக்கிறது. அதில் பிப்ரவரி 30 என்று ஒரு தேதி வரும். நடக்கவும் பேசவும் தெரிந்த மரமனிதர்களான என்ட்கள் சபை கூடிய நாள் அது. அச்சுப்பிழை என்று தாண்டிப் போகத் தோன்றும். பிழையில்லை. 1955-ல் வந்த அந்தப் பாகத்தின் பின்னிணைப்பில், ஷயர் என்ற ஊரில் வாழும் ஹாபிட்கள் என்ற குள்ள மனிதர்களுக்காக நாவலாசிரியர் டோல்கீன் ஒரு முழு நாட்காட்டியே போட்டுக் கொடுத்திருக்கிறார். அங்கே எல்லா மாதத்துக்கும் முப்பது நாள்.

கற்பனை உலகத்துக்கு நாட்காட்டி செய்கிறேன் என்று கிளம்புகிறவர்கள் பெரும்பாலும் இரண்டு நிலா, பதின்மூன்று மாதம், வாயில் நுழையாத பெயர்கள் என்று அடுக்கிவிட்டு நின்றுவிடுவார்கள். அதை யார் பார்த்துத் தேதி கிழிக்கிறார்கள் என்பது கடைசிவரை தெரியாது. டோல்கீனிடம் அது தெரியும்.

முதலில் கணக்கு. பன்னிரண்டு மாதத்துக்கு 360 போக மிச்சம் ஐந்து நாள். பழைய எகிப்தியர் இந்த ஐந்தையும் ஆண்டுக் கடைசியில் ஒட்டவைத்தார்கள். 1793-ல் பிரெஞ்சுப் புரட்சிக்காரர்களும் அதையேதான் செய்தார்கள். டோல்கீன் பிரித்துப் போட்டார். ஆண்டின் கடைசி நாளும் முதல் நாளும் யூல் பண்டிகை. நடுக்கோடையில் மூன்று நாள் லைத் பண்டிகை. அந்த மூன்றில் நடுநாளுக்கு மாதமும் இல்லை, கிழமையும் இல்லை. அந்த ஒரு நாளை வாரக்கணக்கிலிருந்து கழற்றிவிட்டால் அதற்கு முன்னால் 182 நாள், பின்னால் 182 நாள். இரு பக்கமும் சரியாக இருபத்தாறு வாரம். அதனால் ஒவ்வோர் ஆண்டும் சனிக்கிழமை பிறந்து வெள்ளிக்கிழமை முடியும். ஒரு தேதிக்கு வாய்த்த கிழமை ஆயுசுக்கும் மாறாது.

இவ்வளவு துல்லியமான ஏற்பாட்டை வைத்துக்கொண்டு ஹாபிட்கள் செய்த முதல் காரியம், கடிதத்திலும் நாட்குறிப்பிலும் கிழமை எழுதுவதையே விட்டதுதான். தேதி போட்டால் போதாதா? வானசாஸ்திரம் பற்றி அவர்களுக்குக் கவலையே இல்லை. முன்பு கிழமை வருஷத்துக்கு வருஷம் நகர்ந்தது ஒழுங்கில்லாமல் இருந்தது, அவ்வளவுதான் அவர்கள் குறை.

கூடவே ஒரு நக்கலும் பிறந்தது. நடக்கவே நடக்காத காரியத்தை 'முதல் தேதி வெள்ளிக்கிழமை' என்பார்கள். கணக்குப் பார்த்தால் ஜனவரி ஞாயிற்றுக்கிழமை பிறக்கிறது. பிப்ரவரி செவ்வாய், மார்ச் வியாழன், ஏப்ரல் சனி, மே திங்கள், ஜூன் புதன். லைத் முடிந்து ஜூலை மறுபடி ஞாயிறு, பிறகு அதே வரிசை. வெள்ளிக்கு மட்டும் இடமே கிடையாது! அந்த நாளில் என்னவெல்லாம் நடக்கும் என்பதற்கு டோல்கீன் தரும் உதாரணங்கள் இரண்டு: பன்றி பறப்பது, ஷயரில் மரம் நடப்பது. ஊரில் எல்லோரும் சொல்லிச் சிரிக்கிற அந்த மரங்களைத்தான் கதையில் மெரி, பிப்பின் என்ற இரண்டு ஹாபிட்கள் அசலூர்க் காட்டில் நேரில் பார்த்துத் திகைக்கிறார்கள். நாட்காட்டிக் குறிப்புக்குள் இப்படி ஒரு குறும்பை ஒளித்துவைக்க எத்தனை பேருக்கு வரும்?

வெள்ளிதான் அவர்களுக்கு முக்கியமான நாள். மதியத்துக்கு மேல் விடுமுறை, மாலையில் விருந்து. நம் சனிக்கிழமையின் இடத்தில் அங்கே வியாழன் இருக்கிறது. கதையில் வரும் ஹாபிட் பில்போ தன் நூற்றுப் பதினோராவது பிறந்தநாளை ஊரைக் கூட்டிக் கொண்டாடும் செப்டம்பர் 22-ம் வியாழக்கிழமைதான். மறுநாள் தலைவலியோடு எழுந்தாலும் அரை நாள் ஓட்டினால் போதும்.

தேதிக்குக் கிழமை மாறாத நாட்காட்டியை நிஜ உலகிலும் முயன்று பார்த்தார்கள். அமெரிக்காவில் எலிசபெத் அகெலிஸ் 1930-ல் தொடங்கிய சங்கம், கிழமையில்லாத நாளைச் சேர்த்த ஓர் 'உலக நாட்காட்டி'க்காகப் பல ஆண்டுகள் பாடுபட்டது. இந்தியாவே அதை ஐ.நா.வுக்குக் கொண்டுபோனது. ஏழாம் நாள் ஓய்வைத் தவறாமல் காக்கும் சமயத்தாருக்கு வாரங்களுக்கு நடுவே கிழமையில்லாத நாள் ஒன்று நுழைவது சம்மதமில்லை. 1955-ல் அமெரிக்க அரசும் கைவிரித்தது. ஹாபிட்களுக்கு அந்தச் சிக்கல் எழவே இல்லை. அவர்களிடம் ஓய்வுநாள் விரதம் எதுவும் கிடையாது, வெள்ளிக்கிழமை விருந்துதான் உண்டு.

அதே நாவலில் வரும் சாகாத இனமான எல்ஃப்களின் நாட்காட்டி வேறு ரகம். ஆறு பருவம், ஆறு நாள் வாரம், 144 சூரிய ஆண்டுகள் சேர்ந்த ஒரு பேராண்டு. சாகாதவர்களுக்குப் பொருத்தமான அளவுதான். ஆனால் படிக்கையில் கொஞ்சம் வறண்டிருக்கிறது. வாழ்நாள் குறுகியவர்களின் பஞ்சாங்கத்தில்தான் சுவாரஸ்யம்.

நான் மிகவும் வியப்பது லீப் நாளை. நான்கு ஆண்டுக்கு ஒருமுறை நடுநாளுக்கு அடுத்து ஓவர்லைத் என்று கூடுதலாக ஒரு திருநாள் வரும். அதற்கும் கிழமை இல்லை. இப்படி ஒன்றைச் செய்துவைத்த எந்த எழுத்தாளருக்கும் கதையின் உச்சத்தில் அதை எடுத்து வீச ஆசை வரும். டோல்கீன் தொடவில்லை. கதையின் மையமான மோதிரப் போர் நடந்த ஆண்டுகள் எதிலும் அது வரவில்லை என்று பின்னிணைப்பில் சொல்லிவிடுகிறார். போர் முடிந்து ஊர் செழித்த, ஷயர் கணக்கில் 1420-ம் ஆண்டில்தான் வந்தது. அந்த ஆண்டு நடந்ததுபோல் ஒரு கொண்டாட்டம் யார் நினைவிலும் எந்த ஏட்டிலும் இல்லையாம். விவரம் அவ்வளவுதான், ஓரிரு வரி. விருந்தில் என்ன பரிமாறினார்கள் என்றுகூட எழுதவில்லை.