செங்கடல்: இயக்குநர் நிற்கும் இடம்

இயக்குநர் லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ படம் பற்றிப் பேச்செடுத்தால் அதன் ஆதரவாளர்கள் இன்றும் ஒரே வாதத்தைத்தான் வைக்கிறார்கள். இயக்குநர் தானே மணிமேகலை என்ற பெயரில் படத்துக்குள் வருவது நேர்மை, அடுத்தவர் துயரத்தை ஒளிந்திருந்து எடுக்காமல் தன்னையும் முன்னால் நிறுத்திக்கொண்டார் என்கிறார்கள். என்னால் இதை ஒருநாளும் ஏற்க முடிந்ததில்லை.

படத்தின் துணிச்சலை மறுக்கவில்லை. தனுஷ்கோடி மீனவர்களையும் அகதிகளையும் நடிக்கவைத்ததும், எழுத்தாளர் ஷோபாசக்தியோடு சேர்ந்து எழுதியதும், 2011இல் தணிக்கை வாரியம் சான்றிதழ் மறுத்தபோது மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் வரை போய் வென்றதும் பெரிய காரியங்கள்தான்.

ஆனால், ஆவணப்படம் எடுக்க வந்த பெண் படும் பாடு கதையின் முதுகெலும்பானதுமே கரையில் இருப்பவர்கள் அவருடைய அனுபவத்துக்குச் சாட்சிகளாகிவிட்டார்கள். மீனவர் முனுசாமிக்கு என்ன நேர்கிறது என்று பார்க்கிறோம். அவருக்கு என்னென்ன தெரியும் என்று பார்ப்பதில்லை. தனுஷ்கோடியில் கரைவலை இழுப்பவரிடம் உட்கார்ந்து கேட்டால் வாடை, கச்சான், சோழகம், கொண்டல் என்று காற்று காற்றாக மீன்பாடு சொல்வார். தலைமன்னாரிலும் பேசாலையிலும் யார் வீட்டில் பெண் எடுத்தார்கள் என்பார். 1964 டிசம்பர் புயலில் ரயிலோடு போன ஊரைத் தெருத் தெருவாகச் சொல்லக் கேட்டு வளர்ந்தவர் அவர். அந்தக் கரையின் சொத்து அதுதான். படத்தில் ஓலம் கேட்கிற அளவுக்கு இது கேட்கவில்லை.

மண்டபம் முகாமை எடுத்துக்கொள்ளுங்கள். இலங்கைத் தோட்டங்களுக்குப் போன கூலிகளை வெள்ளைக்காரன் காலத்தில் தடுத்துவைத்துச் சோதித்த இடம் அது. 1964 சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பிறகு அவர்களின் பேரப்பிள்ளைகள் வந்து இறங்கியதும், 1983க்குப் பிறகு அகதிகள் வந்து சேர்ந்ததும் அங்கேதான். இடப்பெயர்வைப் படமாக்க வந்தவருக்கு இதைவிடப் பெரிய கதை எங்கே கிடைக்கும்? ‘செங்கடல்’ இந்த ஆழத்துக்குள் இறங்கவே இல்லை.

பாலஸ்தீன ஆவணப்படங்களிலும் இயக்குநர் உள்ளே இருக்கிறாரே என்பார்கள் ஆதரவாளர்கள். இருக்கிறார். ‘ஐந்து உடைந்த கேமராக்கள்’ எடுத்த இமாத் பர்னாத், நிலம் பறிபோன பிலின் கிராமத்துக்காரர். 2025இல் ஆஸ்கர் வாங்கிய ‘நோ அதர் லேண்ட்’ படத்தின் பாசல் அத்ரா, வீடுகள் இடிக்கப்படும் மசாஃபர் யத்தாவில் பிறந்தவர். கூட நின்று எடுத்த இஸ்ரேலியர் யுவால் ஆபிரகாம் நினைத்தபோது காரில் ஏறி வீட்டுக்குப் போய்விடலாம், பாசல் போக முடியாது. அந்தப் படமே இதை வாய்விட்டுப் பேசுகிறது. ‘செங்கடல்’ அதைப் பேசாமல், இயக்குநரையும் மீனவரையும் ஒரே வரிசையில் நிறுத்திவிடுகிறது. இயக்குநர் போலீஸ் விசாரணையில் அலைக்கழிவதும் மீனவர் நடுக்கடலில் குண்டடி படுவதும் ஒன்றல்ல.

முதுகுளத்தூர்க்காரனான எனக்கும் கடல் வெளியூர்தான், எங்களுடையது வானம் பார்த்த பூமி. ஆகவே வெளியாள் படம் எடுக்கக் கூடாது என்று சொல்லமாட்டேன். ஆனால் மண்டபம் முகாமிலேயே பிறந்து, படித்து முடித்து, இன்னும் குடியுரிமை இல்லாமல் இருக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள். விழா நடத்துகிறவர்களே, நிதி கொடுக்கிறவர்களே, அடுத்த படத்துக்கான கேமராவை அவர்களிடம் கொடுங்கள்.