பார்க்க முடியாத படங்களைப் படிப்பது எப்படி?

தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931 அக்டோபர் 31 அன்று சென்னையில் திரைக்கு வந்தது. கதாநாயகி டி.பி. ராஜலட்சுமி, நம் திருவையாற்றுப் பெண். பம்பாயில் 'ஆலம் ஆரா' என்ற இந்திப் படத்துக்காகப் போட்டிருந்த செட்டிலேயே படத்தை எடுத்தார்கள். நாயகி தமிழில் பேசினால் நாயகன் தெலுங்கில் பதில் சொல்வார். கதை நடப்பது மகாகவி காளிதாசன் காலத்தில். ஆனாலும் ராஜலட்சுமி இடையில் தியாகராஜ கீர்த்தனை பாடினார். காந்தியின் ராட்டினத்தைப் புகழ்ந்து ஒரு பாட்டும் இருந்தது. இத்தனையும் நமக்குத் தெரியும். படம் மட்டும் இல்லை. ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை.

இல்லாத படத்தைப் பற்றி இவ்வளவு எப்படித் தெரிந்தது? சினிமா வரலாற்று நூல் எதைப் பிரித்தாலும் முதலில் இந்தக் கேள்வியை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். நடிகர் பெயரும் ஆண்டும் அடுக்கிய வறட்டுப் பட்டியலாக அந்த நூல் தோன்றுவது, இந்தக் கேள்வி இல்லாமல் படிப்பதால்தான். கேள்வியோடு படித்தால் ஒவ்வொரு வரிக்குப் பின்னாலும் ஒரு தேடல் தெரியும்: பழைய 'சுதேசமித்திரன்' விளம்பரம், தணிக்கை உத்தரவு, வழக்குமன்றத் தாள், ஒரு முதியவரின் நினைவு, எல்லாவற்றுக்கும் மேலாகப் பாட்டுப் புத்தகம்.

பாட்டுப் புத்தகத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்ப்போம். கொட்டகை வாசலில் சில்லறைக் காசுக்கு விற்ற மெல்லிய புத்தகம். மட்டமான தாள், அட்டையில் நாயக நாயகியின் படம். உள்ளே நடிகர் பட்டியல், கதைச்சுருக்கம். சுருக்கம் சரியான இடத்தில் நின்றுவிடும். மீதியை வெள்ளித்திரையில் பார்க்கச் சொல்லும். பிறகு பாட்டுகள். முப்பதுகளின் புத்தகங்களில் பாட்டின் தலைப்பில் ராகம், தாளம் எல்லாம் போட்டிருக்கும். வேறொரு பாட்டின் மெட்டு என்றால் அதையும் சொல்லியிருக்கும். வரலாற்றாசிரியருக்கு இது பொக்கிஷம். படம் அழிந்துவிட்டாலும் அதில் யார் என்ன ராகத்தில் பாடினார்கள், நாடக மேடையிலிருந்து எந்த மெட்டு வந்தது, கதை எந்தத் திருப்பத்தில் போனது என்பதெல்லாம் இந்தச் சில பக்கங்களில் பிழைத்துக் கிடக்கிறது. சென்னையில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் இப்படிப்பட்டவற்றைக் காத்து வைத்திருக்கிறது. ஒருமுறையாவது ஒரு பழைய பாட்டுப் புத்தகத்தைப் புரட்டிவிட்டு வரலாற்று நூலுக்குத் திரும்புங்கள். அடிக்குறிப்புகளைத் தாண்டிப் போக மனம் வராது.

ஆண்டுகளில் குழப்பம் வந்தால் அலுத்துக்கொள்ள வேண்டாம். நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படம். அது 1916 என்று ஒரு நூல் சொல்லும், 1917 என்று இன்னொன்று, 1918 என்று வேறொன்று. இரண்டு நூல்கள் முரண்படும் இடத்தில்தான் ஒவ்வொருவரும் எந்த ஆதாரத்தை நம்பினார்கள் என்பது வெளியே தெரிகிறது. அந்த இடத்தில் ஓரத்தில் ஒரு பென்சில் கோடு போட்டுவிட்டு மேலே படியுங்கள்.

எதிலிருந்து தொடங்குவது? என்னைக் கேட்டால் சு. தியடோர் பாஸ்கரன். அஞ்சல் துறையில் உயர் அதிகாரியாக இருந்துகொண்டே தமிழ் சினிமாவின் தொடக்க காலத்தைத் தோண்டி எடுத்தவர். நாடகமும் பாட்டும் சினிமாவும் தேசிய இயக்கத்தின் தூதுவர்களாக ஓடியதைச் சொல்லும் அவருடைய ஆங்கில நூல் 1981இல் வந்தது. 1996இல் வந்த இன்னொரு நூல் தேசிய விருது பெற்றது. தமிழில் அது 'பாம்பின் கண்'. ஆனால் முதலில் 'எம் தமிழர் செய்த படம்' படியுங்கள். சிறு கட்டுரைகள், தெளிந்த நடை. தினம் ஒரு கட்டுரை போதும். அதே 1981இல் வந்த அறந்தை நாராயணனின் 'தமிழ் சினிமாவின் கதை'யை அடுத்து எடுத்தால் வேறொரு குரல் கேட்கும். பாஸ்கரன் ஆவணத்தைப் பேசவிட்டு ஒதுங்கி நிற்பவர். நாராயணன் தோளில் கைபோட்டுக் கதை சொல்பவர். இருவரையும் அடுத்தடுத்துப் படிப்பதே தனிச் சுகம்.

நம் காவிரி டெல்டாக்காரர்களுக்கு இந்த வாசிப்பில் ஒரு கூடுதல் உரிமை உண்டு. எந்த நூலாக இருந்தாலும் பின்னால் உள்ள பெயர்ச் சுட்டியைத் திறந்து நம் ஊர்களைத் தேடுங்கள். 'தியாகபூமி' என்ற ஒரே படத்தை எடுத்துக்கொள்வோம். 1939இல் வந்தது. இயக்கிய கே. சுப்ரமண்யம் பாபநாசத்தில் பிறந்து கும்பகோணத்தில் வக்கீலாக இருந்தவர். கதை எழுதிய கல்கி மாயவரத்தை அடுத்த புத்தமங்கலத்துக்காரர். அதைத் தொடராக வெளியிட்ட 'ஆனந்த விகடன்' ஆசிரியர் எஸ்.எஸ். வாசனுக்குத் திருத்துறைப்பூண்டி. நாயகியின் தந்தை சம்பு சாஸ்திரியாக நடித்த பாபநாசம் சிவன் போலகத்தில் பிறந்தவர். ஒரு சீமையின் நாலு மூலையிலிருந்து கிளம்பியவர்கள் சென்னையில் ஒரு படத்தில் சேர்ந்திருக்கிறார்கள். தாழ்த்தப்பட்டவர்களுக்கு வீட்டில் அடைக்கலம் கொடுத்ததற்காக ஊர் விலக்கிவைக்கும் ஒரு சாஸ்திரி, கணவனோடு வாழ மறுக்கும் ஒரு மகள். கடைசியில் எல்லாரும் விடுதலைப் போரில் இறங்குகிறார்கள். காங்கிரஸ் மந்திரிசபை விலகிய பிறகு, 1940இல், வெள்ளை அரசு படத்தைத் தடை செய்தது.

இந்தப் படம் பிழைத்திருக்கிறது என்பதால் இதை வைத்து ஒரு முழு வாசிப்பையே நடத்தலாம். முதலில் கல்கியின் நாவல். விகடனில் தொடர் வந்தபோது ஓவியங்களுக்குப் பதில் படப்பிடிப்பின் புகைப்படங்களையே போட்டார்கள். அதாவது அன்றைய வாசகர் கதையைப் படிக்கும்போதே படத்தையும் பார்த்துக்கொண்டிருந்தார். அடுத்து, எரிக் பார்னோவும் எஸ். கிருஷ்ணசாமியும் சேர்ந்து எழுதி 1963இல் வெளியான இந்திய சினிமா வரலாறு. அதில் சுப்ரமண்யத்துக்கு நல்ல இடம் உண்டு. படிக்கும்போது ஒன்றை மறக்காதீர்கள்: கிருஷ்ணசாமி, சுப்ரமண்யத்தின் மகன். மகன் எழுதினார் என்பதால் மதிப்புக் குறையாது. வீட்டுக்குள் இருந்தவருக்கு மட்டுமே தெரிந்த செய்திகள் கிடைக்கும். பாசம் எங்கே வரலாற்றுக்குள் கசிகிறது என்று கவனிக்கவும் வாய்ப்புக் கிடைக்கும். பிறகு பாஸ்கரன். கடைசியில் படம். இந்த வரிசையில் போனவர்களுக்குப் படத்தின் ஒவ்வொரு காட்சியும் கனமாக வந்து விழும்.

சுப்ரமண்யத்தின் 'பாலயோகினி' (1937) படத்தைப் பற்றியும் தேடிப் படியுங்கள். விதவை வேடத்துக்கு உண்மையிலேயே விதவையான ஒரு பிராமணப் பெண்ணை நடிக்கவைத்தார். தஞ்சாவூர் பிராமணர்கள் சிலர் கூடி அவரைச் சாதியிலிருந்து விலக்கினார்கள். நம் தெருக்களில் நடந்த கோபம் இது. ஒரு படம் ஒரு ஊரை எவ்வளவு உலுக்கியது என்று தெரிந்துகொள்ள விமர்சனத்தைவிட இந்த மாதிரிச் செய்தி ஆயிரம் மடங்கு உதவும்.

அடுத்த வகை நூல்கள் கதை சொல்பவை அல்ல, வாதிடுபவை. இவற்றை ரசிக்க வேறு பழக்கம் வேண்டும். யாழ்ப்பாணத்துப் பேராசிரியர் கார்த்திகேசு சிவத்தம்பி சொன்ன ஒரு கருத்து புகழ்பெற்றது: தமிழர் எல்லாரும் ஒரே கூரையின்கீழ் உட்கார்ந்த முதல் கலையரங்கு சினிமாக் கொட்டகை, அங்கே இடத்தைத் தீர்மானித்தது சாதி அல்ல, டிக்கெட்டின் விலை. படித்தவுடன் சிலிர்க்கும். அதோடு நிறுத்திவிடாதீர்கள். மிராசுதாரும் பண்ணையாளும் எதிரெதிரே வாழ்ந்த இந்த நெல் பூமியில் அது எவ்வளவு தூரம் உண்மை? டூரிங் டாக்கீஸில் மணல் குவித்து உட்கார்ந்தவர் யார், பெஞ்சில் உட்கார்ந்தவர் யார், நாற்காலி யாருக்கு? காசு இருந்தால் யாரும் நாற்காலியில் உட்கார முடிந்ததா? உங்கள் வீட்டில், சேரியில், அக்ரகாரத்தில் எண்பது வயதைத் தாண்டியவர்களிடம் தனித்தனியாகக் கேளுங்கள். ஒரே கொட்டகையைப் பற்றி வேறு வேறு பதில் வரும். ஒரு வாதத்தை இப்படி ஊரில் வைத்து உரசிப் பார்ப்பதைவிட அதற்குச் செய்யும் பெரிய மரியாதை எனக்குத் தெரியவில்லை. எம்.ஜி.ஆர். பிம்பம் ஏழைகளை எப்படிக் கட்டிப்போட்டது என்று எம்.எஸ்.எஸ். பாண்டியன் 1992இல் எழுதிய நூலையும் (தமிழில் 'பிம்பச் சிறை') இதே முறையில் படிக்கலாம். சண்டை போடாமல் அந்த நூலைப் படித்து முடிக்க முடியாது, முடிக்கவும் கூடாது.

பாஸ்கரனிடமே எனக்கு ஒரு வழக்கு உண்டு. தமிழ் சினிமா பிம்பத்தை நம்பாமல் பேச்சை நம்பியது என்பது அவருடைய நெடுநாள் குறை. நியாயமான குறைதான். 'பராசக்தி'யின் (1952) நீதிமன்றக் காட்சியைச் சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள், அவர் சொல்வது புரியும். பிறகு கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். திருக்குவளையில் பிறந்த கருணாநிதியின் வசனம், சூரக்கோட்டைக் குடும்பத்துப் பிள்ளை சிவாஜி கணேசனின் வாயில். விடிய விடிய மெலட்டூர் பாகவத மேளம் கேட்ட காதுகள், கதாகாலட்சேபம் கேட்ட காதுகள் இந்தப் பக்கத்தில் இருந்தன. கல்யாண வீட்டு ஒலிபெருக்கியில் முழுப்பட வசனத்தையும் போட்டுக் கேட்டவர்கள் நாம். காதால் ஒரு படத்தைப் பார்ப்பதும் பார்ப்பதுதான் என்று நான் நினைக்கிறேன். இந்த இடத்தில் நூலாசிரியரோடு நான் ஒத்துப்போகவில்லை. ஆனால் இப்படி ஒரு எண்ணம் எனக்குத் தோன்றக் காரணமே அவர் நூல்தான்.

உலக சினிமா இயக்கங்களைப் பற்றிய நூல்களுக்கு வருவோம். ஜெர்மன் எக்ஸ்பிரஷனிசம், இத்தாலிய நியோரியலிசம், பிரெஞ்சுப் புதிய அலை என்று பெயர்கள் வரிசையாக வந்து நின்றால் மனப்பாடம் செய்யத் தோன்றும். வேண்டாம். ஓர் இயக்கத்தை ஒரு மனிதரின் பயணமாகப் படியுங்கள். சத்யஜித் ராய் 1950இல் லண்டனில் இத்தாலிய நியோரியலிசப் படமான 'பைசைக்கிள் தீவ்ஸ்' பார்த்தார். 1955இல் 'பதேர் பாஞ்சாலி' வந்தது. அவருடைய கட்டுரைகள் 1976இல் நூலாயின. அதே 1950இல் வங்காளத்தில் அகதிகளைப் பற்றி 'சின்னமூல்' எடுத்த நிமாய் கோஷ் பிறகு சென்னைக்கு வந்து தங்கினார். 1960இல் தமிழில் 'பாதை தெரியுது பார்' எடுத்தார். இசை எம்.பி. சீனிவாசன். பாட்டு எழுதியவர்களில் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரமும் ஜெயகாந்தனும் உண்டு. கல்கத்தாவின் யதார்த்த சினிமாவும் பட்டுக்கோட்டைப் பக்கத்துக் கிராமத்துக் கவியும் ஒரே படத்தில் சந்தித்தது இப்படித்தான். ஜெயகாந்தனின் 'ஓர் இலக்கியவாதியின் கலையுலக அனுபவங்கள்' இந்தக் கதையை உள்ளிருந்து சொல்லும் நூல்களில் ஒன்று. எஸ். ராமகிருஷ்ணன், செழியன் இருவரும் உலக சினிமாவைப் பற்றித் தமிழில் எழுதியவை இளைஞர்களுக்கு நல்ல வாசல்.

பிலிம் நியூஸ் ஆனந்தனின் 'சாதனைகள் படைத்த தமிழ்த் திரைப்பட வரலாறு' மாதிரியான பெரும் தொகுப்பை முதல் பக்கத்திலிருந்து படிக்க முடியாது. ஓர் ஆண்டைத் திறந்து, படங்களை எடுத்த கம்பெனிகளின் ஊரைப் பாருங்கள். சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ், கோயம்புத்தூரில் பட்சிராஜா, காரைக்குடியில் கொஞ்ச காலம் ஏ.வி.எம். நடிகர்களையும் பாடகர்களையும் கதைகளையும் அள்ளிக் கொடுத்த டெல்டாவில் அப்படி ஒரு பெரிய ஸ்டூடியோ ஏன் நிலைக்கவில்லை? ஆலை முதலாளியும் வணிகரும் பணத்தைச் சுழலவிட்டார்கள், நம் மிராசுதாரர் பணம் நிலத்திலேயே கிடந்தது என்பது என் கணிப்பு. நாதஸ்வர வித்வான் திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளைகூட 1940இல் 'காளமேகம்' படத்தில் நடிக்க வேண்டுமென்றால் வெளியூர்தான் போக வேண்டியிருந்தது. பட்டியல் விடை சொல்லாது. கேள்வியை மட்டும் கையில் கொடுக்கும்.

யாரைச் சொல்லவில்லை என்றும் பாருங்கள். பல வரலாறுகள் ராஜலட்சுமியை முதல் கதாநாயகி என்று ஒரு வரியில் முடித்துவிட்டு, தன் சொந்த நாவலையே 1936இல் 'மிஸ் கமலா'வாக இயக்கிய முதல் தமிழ்ப் பெண் இயக்குநர் அவர் என்பதை அடுத்த வரியில் அவசரமாகச் சொல்லும். ஆவணப்படங்களுக்குப் பெரும்பாலும் அந்த ஒரு வரிகூட இல்லை. கீழ்வெண்மணிப் படுகொலையைப் பற்றிய 'ராமையாவின் குடிசை' எந்தப் பெரிய சினிமா வரலாற்றில் எத்தனை பக்கம் பெறுகிறது என்று தேடிப் பார்த்தால் தெரியும்.

கடைசியாக ஒரு நாவல். சுப்ரமண்யத்தின் ஸ்டூடியோ தீவிபத்துக்குப் பிறகு ஏலத்துக்கு வந்தபோது வாசன் அதை வாங்கினார். அது ஜெமினி ஆயிற்று. அங்கே வேலை பார்த்தவர் அசோகமித்திரன். அவருடைய 'கரைந்த நிழல்கள்' சினிமாக் கம்பெனியில் தயாரிப்பு நிர்வாகியும் உதவி இயக்குநரும் துணை நடிகையும் எப்படி நாளைக் கழித்தார்கள் என்பதைச் சொல்கிறது. எந்தப் பட்டியலிலும் பெயர் வராதவர்கள் இவர்கள். மேலே சொன்ன நூல்களில் இரண்டையாவது படித்துவிட்டு இந்த நாவலுக்கு வாருங்கள். மாவட்ட மைய நூலகத்தில் சினிமா அலமாரியில் தேடினால் கிடைக்காது. நாவல் வரிசையில் கேளுங்கள்.