கடற்குதிரையும் காமிராவும்

1928-ஆம் ஆண்டு பிரெஞ்சு அறிவியல் அகாதெமியில், ஒரு சிறு மீனின் முட்டை வளர்வதைக் காட்டும் படம் திரையிடப்பட்டது. சினிமாவுக்கும் அறிவியலுக்கும் என்ன தொடர்பு என்று அறிஞர் சிலர் முகம் சுளித்தனர். படமெடுத்தவர் ழான் பான்லெவே (1902–1989). கணித மேதையும் பிரான்சின் பிரதமராக இருந்தவருமான பால் பான்லெவேயின் மகன். பின்னாளில் இவர் எடுத்த படங்கள் இருநூறுக்கும் மேல்.

முகம் சுளித்தவர்களின் ஐயத்தை நாம் தள்ளிவிட முடியாது. இசையும் வேடிக்கையும் கலந்த படம் அறிவியலைக் கற்பிக்குமா, கெடுக்குமா?

அவருடைய 'கடற்குதிரை' (1934) படத்தை முதலில் பாருங்கள். பெண் தன் முட்டைகளை ஆணின் வயிற்றுப்பையில் இடுகிறது. ஆண்தான் அவற்றைச் சுமந்து, உடலை முறுக்கித் தவித்து, குஞ்சுகளை வெளியே தள்ளுகிறது. அந்தக் கணம் தப்பிவிடக் கூடாதே என்று, கண்ணயர்ந்தால் மின்அதிர்ச்சி தரும் கருவி ஒன்றை மாட்டிக்கொண்டு பான்லெவே விழித்திருந்தார். (ஊசலின் அலைவுகளை எண்ணும்போதே கொட்டாவி விடும் என் மாணவர்களுக்கு இதைச் சொல்வதுண்டு.) படத்தின் முடிவில் குதிரைப் பந்தயக் காட்சியின்மேல் கடற்குதிரைகள் நீந்துகின்றன. வேடிக்கைதான். ஆனால் பேறுகாலத்தை நீங்களே கண்ணால் கண்டுவிட்டீர்கள். வேடிக்கை அதை மறைக்கவில்லை.

'இரத்தக் காட்டேரி' (1945) அப்படியல்ல. தென் அமெரிக்க வௌவால் ஒன்று கினிப்பன்றியைக் கடித்து, இரத்தத்தை நாக்கால் நக்கிக் குடிக்கிறது. உறிஞ்சுவதில்லை என்பதைப் படம் தெளிவாகவே காட்டுகிறது. பின்னணியில் டியூக் எலிங்டனின் ஜாஸ் இசை. வௌவால் சிறகை உயர்த்தும்போது நாஜி வணக்கம் நினைவுக்கு வரும்படி செய்கிறார் இயக்குநர். போர் முடிந்த ஆண்டில் அந்தக் கோபம் நியாயமே. எனினும், பசிக்கு உண்ணும் பிராணிமீது மனிதனின் குற்றத்தை ஏற்றலாமா? இங்கே கண் கண்டதைவிடக் கருத்து முந்திக்கொள்கிறது. ஒலியை நிறுத்திவிட்டு ஒருமுறை பாருங்கள். வௌவால் வெறும் வௌவாலாகத் தெரியும்.

நான்காம் பரிமாணம், வானவெளி, களிமண் பொம்மைகள் நடித்த 'நீலத்தாடி' என்று அவர் தொடாத துறை குறைவு. இயற்பியல்காரனான என்னைக் கட்டிப்போட்டது 'திரவப் படிகங்கள்' (1978). திரவம்போல் ஓடும் பொருளில், மூலக்கூறுகள் படிகத்தில்போல் ஒரு திசை நோக்கி அணிவகுக்கின்றன. தளவிளைவுற்ற ஒளியில் அந்த ஒழுங்கு நிறங்களாய் விரிகிறது. ஒழுங்கு குலையும் இடத்தில் நிறம் மாறுகிறது. அழகுக்குக் குறைவில்லை. ஆனால் நிறம் ஏன் வருகிறது என்பதை மாணவர் அறிய அந்தப் படம் மட்டும் போதாது. அதை வகுப்பில் நான்தான் கரும்பலகையில் வரைந்து காட்ட வேண்டியிருக்கிறது.