நான்காம் நாள் எங்கே தங்குவது?

வரும் ஒக்டோபர் பள்ளி விடுமுறையில் ஒரு வாரம் பால்கன் நாடுகளைச் சுற்றி வருவதென்று வீட்டில் முடிவாகிவிட்டது. திட்டம் போட்டவள் மகள். கணினி வேலை பார்க்கிறவன் வீட்டுத் திட்டம் அட்டவணையாகத்தானே இருக்கும்! இடது ஓரத்தில் நாட்கள், பிறகு ‘பார்ப்பது’, ‘சாப்பிடுவது’, ‘தங்குவது’ என்று மூன்று நிரல்கள். பெல்கிரேட்டும் நோவி சாட்டும் முதல் மூன்று நாள். நான்காம் நாள் திரினா நதிக்கரையில் விஷெகிராட். பிறகு சரயேவோ, மொஸ்தார், கடைசியில் டுப்ரோவ்னிக் கடற்கரை. எல்லாக் கட்டங்களும் ஒரே மாலையில் நிரம்பிவிட்டன. நான்காம் நாளின் ‘தங்குவது’ மட்டும் மூன்று வாரமாக வெறுமையாகக் கிடந்தது. அந்தக் கட்டத்தை நிரப்பவிடாமல் தடுத்த மூன்று நான்கு புத்தகங்களையும் ஒரு படத்தையும் பற்றியது இக்கட்டுரை.

ஷ்லீரனில் இருப்பவர்களுக்குப் பால்கன் தூரதேசமல்ல. இந்த ஊரில் பாதிக்குச் சற்றுக் குறைவானோர் வெளிநாட்டுக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்கள். எண்பதுகளில் நம்மவர்கள் வந்தார்கள். தொண்ணூறுகளில் பொஸ்னியர்களும் கொசோவோ அல்பேனியர்களும் வந்தார்கள். அதே அகதி விசாரணை, அதே உணவகக் கோப்பை கழுவல், அதே மாடிப்படி. முப்பது வருடமாக உடுப்புத் தோய்க்கும் அறையின் முறைப்பட்டியலில் நமது பெயரும் அவர்களது பெயரும் ஒன்றின்கீழ் ஒன்றாக இருக்கின்றன. நமது கதைகளில் அவர்கள் எத்தனை பேர் வருகிறார்கள்? நான் படித்தவரையில், தோய்க்கும் முறைக்குச் சண்டை பிடிக்கும் ஒரு ‘யூகோ’வாக வருவதோடு சரி. சுவிஸ்காரர் அவர்களுக்கு வைத்த வசைச்சொல்லை நாமும் கூசாமல் வாங்கிக்கொண்டோம்.

பால்கனுக்குப் போகிறவர்கள் முதலில் புத்தகத்துக்குள் போகிறார்கள். ரெபேக்கா வெஸ்ட் 1941இல் ஆயிரம் பக்கத்துக்கு மேல் எழுதினார். ரொபேர்ட் கப்லன் 1993இல் எழுதிய பயணநூல், பொஸ்னியாவில் தலையிடத் தயங்கிய கிளின்ரனின் மனத்தை மேலும் தயங்க வைத்ததாகச் சொல்லப்படுகிறது. ‘அவர்கள் காலங்காலமாக வெட்டிக்கொள்பவர்கள், நம்மால் என்ன செய்யமுடியும்’ என்ற வாசிப்புக்கு அந்நூல் வசதி செய்து கொடுத்தது. பல்கேரிய வரலாற்றாசிரியர் மரியா டொடொரோவா 1997இல் இந்தப் பார்வை எப்படி உற்பத்தியானது என்று ஒரு நூலே எழுதினார். ‘காலங்காலமாக’ என்ற சொல் எத்தனை உயிர்களை விலையாகக் கேட்கும் என்பதை 2009இல் தொலைக்காட்சிப் பெட்டியின்முன் இருந்தவர்களுக்கு யாரும் விளக்கத் தேவையில்லை.

விஷெகிராட் அட்டவணைக்குள் வந்தது இவோ அந்திரிச்சினால். திரினாவின் மேலுள்ள பாலத்தைப் பற்றி, ஜேர்மன் ஆக்கிரமிப்பில் கிடந்த பெல்கிரேட்டில் ஒரு வீட்டுக்குள் அடைந்திருந்து எழுதி, 1945இல் வெளியிட்ட நாவல் அது. 1961இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. பாலம் உண்மையானது. ஒஸ்மானியப் பேரரசின் பெரும் சிற்பி சினான் வடிவமைத்து, 1571க்கும் 1577க்கும் இடையில் கட்டி முடிக்கப்பட்டது. பதினொரு வளைவுகள், ஏறக்குறைய 180 மீற்றர் நீளம். கட்டச் செய்தவர் மெஹ்மத் பாஷா சொக்கொலொவிச். பிள்ளைப் பருவத்தில் இந்தப் பக்கத்துக் கிறிஸ்தவக் குடும்பமொன்றிலிருந்து இரத்த வரியாகப் பிடித்துச் செல்லப்பட்டு, பின்னர் பேரரசின் முதலமைச்சராக உயர்ந்தவர். கூடையில் ஏற்றிக் கொண்டுபோகப்படும் பிள்ளைகளின் பின்னால் ஓடிவரும் தாய்மார், ஆற்றைக் கடக்க முடியாமல் கரையில் நின்றுவிடும் அந்த இடத்தை நான் வேகமாகப் படிக்க முடிந்ததேயில்லை.

இந்த நாவலைப் படித்தவர்களிடம் கேட்டால் பெரும்பாலும் கழுவேற்றம்தான் நினைவிருக்கும். பாலவேலையைக் குலைத்த ரடிசாவ் என்ற விவசாயியைக் கழுவில் ஏற்றும் பக்கங்கள். அதைச் சொல்லிவிட்டு, ‘பார்த்தீர்களா, அப்போதே அப்படித்தான்’ என்பார்கள். எனக்கு அதைவிட முக்கியமாகப்படுவது வெள்ளம் வரும் இரவு. ஊர் மூழ்க, முஸ்லிம், கிறிஸ்தவ, யூதப் பெரியவர்கள் மேட்டிலுள்ள ஒரு வீட்டில் ஒன்றாக உட்கார்ந்து, பழைய வெள்ளங்களைப் பற்றியே கதைத்து விடியும்வரை பயத்தைக் கடத்துகிறார்கள். அந்திரிச்சை வெறுப்பின் சாட்சியாக வாசிப்பவர்கள் அந்த அத்தியாயத்தைத் தாவிவிடுகிறார்கள்.

ஆனால் அவரோடும் எனக்கு ஒரு வழக்கு இருக்கிறது. அவரது கதைசொல்லி உயரத்தில் நிற்பவன். தலைமுறைகள் வருகின்றன, போகின்றன, பாலம் நிற்கிறது. நாவலின் முடிவில், 1914இல், பாலத்தின் ஒரு பகுதி வெடித்துச் சிதறும்போது அந்த ஆறுதலும் ஆடிப்போகிறது என்பது உண்மைதான். இருந்தும் நாவலின் மூச்சு முழுவதும் கல்லின் நிதானத்தில்தான் இருக்கிறது. 1992இல் நடந்தது அதற்கு நேர்மாறு. பாலம் அசையவில்லை. அதன் மேல் நின்ற மனிதர்கள் இல்லாமல் போனார்கள். 1991 கணக்கெடுப்பில் அந்நகரப் பிரதேசத்தின் மக்களில் அறுபது வீதத்துக்கு மேல் பொஸ்னிய முஸ்லிம்கள். அடுத்த ஆண்டு இளவேனிலிலும் கோடையிலும் அவர்களைப் பாலத்துக்குக் கொண்டுவந்து கொன்று ஆற்றில் தள்ளினார்கள். இரண்டு வீடுகளில் அடைத்து உயிரோடு எரிக்கப்பட்டவர்கள் மட்டும் நூறு பேருக்கு மேல். அதற்குத் தலைமை தாங்கிய மிலான் லூகிச்சுக்கு ஹேக் தீர்ப்பாயம் 2009இல் ஆயுள் தண்டனை விதித்தது. 2010இல் கீழேயுள்ள பெருசாட்ஸ் நீர்த்தேக்கத்தின் மட்டத்தை இறக்கியபோது கரைச் சேற்றிலிருந்து எலும்புகளைப் பொறுக்கி எடுத்தார்கள். கல் நிலைக்கும் என்ற தத்துவத்தை இதற்குப் பிறகு எந்தக் குரலில் வாசிப்பது?

இன்று அங்கே அந்திரிச்சின் பெயரில் ஒரு கற்பட்டினமே இருக்கிறது. திரைப்பட இயக்குநர் எமிர் குஸ்தூரிட்சா முன்நின்று கட்டி, 2014 ஜூன் 28இல் திறந்த அந்திரிச்கிராட். புத்தம்புதிய பழைய வீதிகள். அதே ஆண்டு ஜனவரியில், ஸ்திராஷிஷ்டே மயானத்திலுள்ள நினைவுக்கல்லில் ‘இனப்படுகொலை’ என்ற சொல்லை அதிகாரிகள் இயந்திரத்தால் அரைத்து அழித்தார்கள். கணவரை இழந்த பெண்கள் உதட்டுச்சாயத்தால் அதைத் திரும்ப எழுதினார்கள். ஒரே சின்ன ஊரில், ஒரே வருடத்தில், ஒரு எழுத்தாளனுக்கு நகரம் எழும்பியது, ஒரு சொல்லுக்கு இடமில்லாமல் போனது. 2021 ஜனவரி 8 இரவு யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் முள்ளிவாய்க்கால் நினைவுத்தூபிக்கு நடந்ததை இங்கே நினைக்காமலிருக்க முடியவில்லை.

எழுதுபவன் நேரில் போய்ப் பார்த்துவிட்டால் உண்மை வந்துவிடும் என்று நம்புகிறவர்களுக்கு பீட்டர் ஹன்ட்கேயின் 1996 பயணநூலைக் கொடுக்கலாம். பத்திரிகைகள் காட்டாத செர்பியாவைத் தன் கண்ணால் பார்க்கப் போனவர் அவர். சந்தையில் குவிந்திருக்கும் நூடில்ஸ் சுருள்களின் மஞ்சள்கூட அவர் கண்ணுக்குத் தப்பவில்லை. கண் என்னவோ கூர்மையான கண்தான். அதே ஆண்டு வெளியிட்ட பின்னிணைப்பில் விஷெகிராட்டுக்கும் போகிறார். அங்கே அவரது ஐயமெல்லாம் கொலைகளை எழுதிய நிருபரின்மீது விழுகிறது. மஞ்சள் நிறத்துக்குக் கொடுத்த பொறுமையில் காற்பங்கையாவது சாட்சிகளுக்குக் கொடுத்திருக்கலாம். தமிழ்ப் பயணக்கட்டுரை மரபில் வளர்ந்த நமக்கு இந்த ஆபத்து இலகுவில் பிடிபடாது. ஏ.கே. செட்டியார் தொடக்கம் மணியன்வரை நாம் விரும்பிப் படித்ததெல்லாம் கண்ணில் பட்டதை வியந்து சொல்லும் எழுத்து. வியப்பும் ஒரு தெரிவுதான் என்று நாங்கள் யோசித்ததில்லை.

இனிப் படம். யஸ்மிலா ஷ்பானிச் 2013இல் எடுத்தது. பேச இயலாதவர்களுக்காக என்ற பொருளில் அமைந்த தலைப்பு. கிம் வெர்கோ என்ற அவுஸ்திரேலிய நாடகக் கலைஞர், தன் சொந்த அனுபவத்தில் உருவாக்கிய மேடை நாடகத்தை வைத்து எடுக்கப்பட்டது. அவரே அவராக நடிக்கிறார். அந்திரிச்சைப் படித்த பரவசத்தில் தனியாக பொஸ்னியா வருகிறார். பாலத்தைப் பார்க்கிறார். வழிகாட்டிநூல் இனிமையான இடமென்று பரிந்துரைத்த விலினா வ்லாஸ் என்ற நீரூற்று விடுதியில் இரவு தங்குகிறார். நித்திரை வரவில்லை, ஏனென்றும் தெரியவில்லை. ஊர் திரும்பி இணையத்தில் தேடும்போதுதான் தெரிகிறது: 1992இல் லூகிச்சின் ஆட்கள் தளமாக வைத்திருந்த கட்டடம் அது. பெண்களை அடைத்து வன்புணர்ந்த இடம். சுமார் 200 பேர் என்று பாதிக்கப்பட்டோர் அமைப்புகள் சொல்கின்றன. அந்தக் குற்றம் லூகிச்சின் குற்றப்பத்திரிகையில் இடம்பெறவேயில்லை. போர் முடிந்ததும் விடுதி விடுதியாகத் தொடர்ந்தது.

படமாகப் பார்த்தால் குறைகள் உண்டு. சில காட்சிகள் மேடையிலிருந்து இறங்கி வர மறுக்கின்றன. பொஸ்னியப் பெண்களின் துயரத்தைச் சொல்ல ஏன் ஒரு வெள்ளைக்காரப் பயணி என்ற கேள்வியும் நியாயமானது. ஆனால் ஷ்பானிச் அந்தப் பயணியைத் தியாகியாக்கவில்லை. குளிர்காலத்தில் திரும்பிவந்து அவர் கேட்கும் எந்தக் கேள்விக்கும் ஊர் வாய் திறப்பதில்லை. அவரும் எதையும் மாற்றிவிடவில்லை. அவரிடம் இருப்பது ஒன்றே ஒன்று: தெரியாமல் அந்தக் கட்டிலில் படுத்து எழும்பிய வெட்கம். அந்த வெட்கத்தை அறிவுரையாக மாற்றாமல் வெட்கமாகவே விட்டிருப்பதால், இந்தக் கட்டுரையில் பேசியவற்றுள் எனக்கு மிக நேர்மையானதாகப்படுவது இந்தப் படம்தான்.

அந்த வெட்கம் எனக்குப் பழக்கமானது. பத்து வருடத்துக்கு முன் பிள்ளைகளோடு ஊருக்குப் போனபோது, வடக்குக் கடற்கரையில் படையினர் நடத்தும் விடுதியொன்றில் மதியம் சாப்பிட்டோம். நண்டு நன்றாயிருந்தது. பிள்ளைகள் கடலைவிட்டு ஏற மறுத்தார்கள். திரும்பிவந்து மதிப்புரை எழுதும் தளமொன்றில் ஐந்து நட்சத்திரம்கூடப் போட்டேன். ஷ்லீரன் வீட்டில் மாமிக்குப் படங்களைக் காட்டினேன். அவர் பேரப்பிள்ளைகளைப் பார்க்கவில்லை. படத்தை விரலால் பெருப்பித்து மூலையைத் தேடினார்.

“தம்பி, இந்தப் பக்கம் ஒரு கிணறு இருந்ததெல்லோ, கண்டனீங்களோ?”

நான் காணவில்லை. வாகனத்தரிப்பிடம்தான் கண்டேன். நட்சத்திரங்களை அன்றிரவே அழித்தேன், அதனால் கிணறு வந்துவிடவில்லை. நந்திக்கடலோரத்திலும் 2012இல் இராணுவம் ஒரு உல்லாச விடுதியைத் திறந்தது. ஏரியின் விளிம்பு என்று பொருள்படும் ஆங்கிலப் பெயர் அதற்கு. வழிகாட்டிநூலைக் கையில் வைத்துக்கொண்டு அங்கே இறங்கும் ஐரோப்பியப் பயணியின்மீது எனக்குக் கோபம் வரும். விஷெகிராட்டில் அந்தப் பயணி நான்தான்.

மகள் விஷெகிராட்டுக்கு வந்தது வேறு வழியால். அவளுக்கு அந்திரிச் பாட்டன் காலத்து ஆள். பள்ளியில் ஜேர்மன் பாடத்துக்கு சாஷா ஸ்டனிஷிச்சின் ‘ஹெர்குன்ஃப்ட்’ படித்தாள். பூர்வீகம் என்று சொல்லலாம். 1978இல் விஷெகிராட்டில் பிறந்து, செர்பியத் தந்தையும் முஸ்லிம் பின்னணித் தாயுமாக, பதினாலு வயதில் ஹைடல்பேர்க்குக்கு ஓடிவந்தவர். 2019இல் இந்நூலுக்கு ஜேர்மன் புத்தகப் பரிசு வாங்கிய மேடையில், சில நாட்களுக்கு முன் நோபல் அறிவிக்கப்பட்டிருந்த ஹன்ட்கேயை, தன் ஊரில் நடந்ததை மறைப்பவரென்று வெளிப்படையாகவே சாடினார்.

அந்திரிச்சின் உயரம் இவரிடம் இல்லை. தரையில் நிற்கிறார், பகிடி விடுகிறார், மறதிநோயில் தன்னையே தொலைத்துக்கொண்டிருக்கும் பாட்டியோடு மல்லுக்கட்டுகிறார். கடைசிப் பகுதியில் நூல் வாசகரிடமே கேட்கிறது: இப்படிச் செய்ய விரும்பினால் இந்தப் பக்கத்துக்குப் போ, அப்படியென்றால் அந்தப் பக்கத்துக்கு. சிறுவர் சாகசப் புத்தக உத்தி. முதலில் எனக்கு அது விளையாட்டுத்தனமாகப் பட்டது. மகள்தான் மறுத்தாள். “அப்பா, அவருக்கு ஊரைப் பற்றி ஒரு கதைதான் இருக்கவேணுமெண்டு நீங்கள் ஏன் நினைக்கிறீங்கள்?” இங்கே பிறந்தவளுக்கு அந்த உத்தி உத்தியாகவே தெரியவில்லை. எந்தப் பக்கம் திருப்பினாலும் பாட்டி செத்துத்தான் போகிறாள் என்பதையும் அவள் எனக்கு முன்னமே கவனித்திருந்தாள்.

சரயேவோ நாளுக்கு நான் ஒரு நீண்ட குறிப்பு எழுதி வைத்திருந்தேன்: 1992 ஓகஸ்டில் எரிந்து 2014இல் திரும்பத் திறந்த நூலகக் கட்டடம், 1981இல் எரிந்த நமது நூலகம். அதை எடுத்துவிட்டேன். அந்த ஒப்பீடு சும்மாவே கைக்கு வந்துவிடுகிறது. எரிந்தவர்களாக நம்மைப் பார்த்துக்கொள்வது நமக்கு நன்றாகப் பழகிவிட்டது.

போன ஞாயிறு மகள் நான்காம் நாளைத் திருத்தியிருந்தாள். ‘பார்ப்பது’ நிரலில் பாலத்துக்கு மேலே ஸ்திராஷிஷ்டே மயானம் என்று ஒரு வரி. அந்திரிச்கிராட்டுக்குப் பக்கத்தில் கேள்விக்குறி. ‘தங்குவது’ என்ற கட்டத்தில் சரயேவோ. அப்படியென்றால் பெல்கிரேட்டிலிருந்து விடிய ஆறு மணிக்குமுன் வெளிக்கிட வேண்டும், பின்னேரம் மலைப்பாதையில் இன்னும் இரண்டு மணி நேரத்துக்கு மேல் கார் ஓட வேண்டும். நான் முணுமுணுத்தேன். கேட்டுக்கொண்டிருந்த மாமி, கடல் எத்தனையாம் நாள் வருகிறது என்று கேட்டார்.